பெட்டி போன பிறகு

பெரிய திரையை அவன் எடுத்துப் போனான்.
ஐம்பத்தைந்து அங்குலம்.
போர்வையில் சுற்றி, வேனில் நிற்க வைத்து;
படுக்கப் போட்டால் உள்ளே ஏதோ விண்டுவிடுமாம்.
பதினொரு வருஷத்தில்
என்னை ஒரு நாளும் அப்படிப் பிடித்ததில்லை.

துணைக்கருவிகள் எல்லாம் இங்கேயே.

சுவரில் அந்த இரும்புக் கை.
நீட்டலாம் மடக்கலாம் சாய்க்கலாம்,
முப்பத்தைந்து கிலோ தாங்கும் என்று
ஜெலுத்தோங் கடையில் அடித்துச் சொன்னார்கள்.
இப்போது எதையும் தாங்காமல்
ஹாலுக்குள் நீண்டு நிற்கிறது,
கைகுலுக்க வந்தவன்
எதற்கு வந்தோமென்று மறந்துபோன மாதிரி.
முதல் வாரம் இருட்டில் இரண்டு முறை
நெற்றியில் இடித்துக்கொண்டேன்.
மூன்றாம் முறை வாய்விட்டுத் திட்டினேன்,
அதன் பெயரைச் சொல்லி அல்ல.

இரவு ஷிப்ட் முடிந்து
கம்பெனி பஸ் ரெலாவில் இறக்கிவிடும்போது
மணி ஏழே முக்கால்.
மலைமேல் மேகம். லிஃப்டில் யாரோ வாங்கிப்போன
ரொட்டி சானாய் வாசம், ஆள் இல்லை.
கதவைத் திறந்தால்
சவுண்ட்பாரின் சிவப்புப் புள்ளி விழித்திருக்கிறது.
அதன் பக்கத்தில் ஆண்ட்ராய்டு பெட்டி
நீலமாய்ச் சிமிட்டிச் சிமிட்டித் திரையைத் தேடுகிறது.
சுவிட்சை அணைக்க மனசில்லை.
வீட்டில் வேறு யார் இருக்கிறார்கள்
என்னைப் பார்த்துச் சிமிட்ட?

ஜன்னலில் ஒட்டிய ஏரியலுக்கு
இன்னும் எல்லாம் வந்துகொண்டுதான் இருக்கும்.
மழை அறிவிப்பு, சமையல், மலாய் நாடகத்து மாமியார்,
காற்றில் நடந்து வந்து
அந்தக் கறுப்புத் தகட்டில் இறங்கி
ஒயர் முனைவரை போய்
தரையில் நின்றுவிடும்.
ஒரு நாள் அந்த முனையைக் காதில் வைத்துப் பார்த்தேன்.
சிரிக்க வேண்டாம்.
பன்னிரண்டு மணி நேரம் நின்று வேலை செய்தவள்
காலையில் எதையும் செய்வாள்.

பதினெட்டாம் நாள் வாட்சாப்.
"ரிமோட் உன்கிட்டயா இருக்கு?"
உடனே இன்னொன்று:
"எல்லாம் சீனத்துல வருது. மாத்த முடியல."

சோபா இடுக்கில் கையை விட்டேன்.
சீப்பு, இருபது காசு, ரிமோட்.
ஒலிப் பொத்தானில்
கூட்டும் பக்கம் தேய்ந்து வழவழத்துக் கிடந்தது.
குறைக்கும் பக்கம்
கடையில் வாங்கிய அன்றுபோல் புதுசு.
நான் பகலில் தூங்குகிறவள்.

வெற்றுச் சுவரைப் பார்த்து ஒருமுறை அமுக்கினேன்.
அந்த ஒளி கண்ணுக்குத் தெரியாது,
கைபேசிக் கேமராவில் பார்த்தால்
ஊதாவாய் ஒரு துடிப்பு.
வேலையிடத்தில் அப்படித்தான் சோதிப்போம்,
தலையாட்டி அடுத்ததை எடுப்போம்.
இதுவும் தேறியது.

பைக்கில் பார்சல் எடுக்க வந்த பையன் ஹஃபீசி.
ஹெல்மெட்டில் பூனைப்படம்.
பாலம் தாண்டி பட்டர்வொர்த், இருபத்திரண்டு வெள்ளி.
"உடையுற சாமானா, கா?" என்று மலாயில் கேட்டான்.
கொஞ்சம் யோசித்தேன்.
"உடையாது."
பேட்டரி இரண்டையும் எடுத்துவிட்டிருந்தேன்.
தீபாவளிக்கு முன்னாலேயே நின்றுபோன
என் அலாரம் கடிகாரத்துக்கு
அதே அளவுதான் வேண்டியிருந்தது.

வீட்டுக்காரர் மிஸ்டர் கூ வந்து
சுவரைத் தட்டிப் பார்த்தார்.
எட்டுத் துளை, கழற்றினால் முன்பணத்தில் பிடிப்பாராம்.
கழற்றவில்லை என்றேன்.

அன்று மதியம் கைபேசி கேட்டது:
சவுண்ட்பாரோடு இணை சேர்க்கவா?
ரொம்ப நாளைக்குப் பிறகு
ஒருவர் அனுமதி கேட்டு இணைகிறார்.
சரி என்று தொட்டேன்.
பாட்டு எதுவும் போடவில்லை, மழைச் சத்தம்தான்,
அதையும் குறைத்துக் குறைத்து
மின்விசிறிக்குக் கீழே கொண்டுவந்தேன்.

துவைத்த நீல மேல்சட்டை இன்னும் ஈரம்.
ஹாங்கரோடு இரும்புக் கையில் மாட்டி
முழங்கையைப் பிடித்து
ஜன்னல் பக்கம் இழுத்தேன்.

முனகாமல் திரும்பியது.